விமானத்தைக் குறிபார்த்த இயந்திரம் வட்டங்கள் வரைந்த கதை

யுத்தக் கருவிகளின் பெயர்களையும் எண்களையும் எழுதியே தேய்ந்துபோன பேனாக்கள் இந்நாட்டுப் பத்திரிகையாளர்களிடம் நிறைய உண்டு. என்னுடையதும் அவற்றுள் ஒன்று. எத்தனை மில்லிமீற்றர் பீரங்கி, எத்தனை கிலோமீற்றர் வீச்செல்லை, எந்த நாட்டுத் தயாரிப்பு என்பனவற்றைச் செய்தியறையில் நள்ளிரவு தாண்டியும் சரிபார்த்திருக்கிறேன். ஆனால், யுத்தம் முடிந்த பின்னர் அக்கருவிகளுக்கு என்ன நேர்கிறது என்பதை எழுதும்படி எந்த ஆசிரியரும் என்னைக் கேட்டதில்லை. இன்று நான் எழுத விரும்புவது அப்படியான ஒரு கருவியைப் பற்றித்தான். எதிரி விமானமும் எறிகணையும் வானத்தில் எந்தப் புள்ளியில் மோதும் என்பதைக் கணிப்பதற்காகச் செய்யப்பட்ட அக்கருவி, யுத்தத்தின் பின்னர் கழிவுப் பொருளாக விற்கப்பட்டு, கலிபோர்னியாவில் ஒரு திரைப்படக் கலைஞரின் கைக்கு வந்து, அசைவூட்டப் படங்களை வரைந்தது. அந்தக் கலைஞரின் பெயர் ஜோன் விட்னி.

அசைவூட்டம் என்றதும் எம்மவர்க்கு நினைவில் வருவன மிக்கி மவுசும், டொம் அன்ட் ஜெரியும்தான். அதில் தவறேதுமில்லை. எனினும், கதையோ பாத்திரமோ இல்லாமல், கோடுகளையும் வட்டங்களையும் ஒளிப்புள்ளிகளையும் மாத்திரம் அசையவிட்டுப் பார்க்கும் இன்னொரு மரபும் 1920களில் இருந்தே ஐரோப்பாவில் வளர்ந்து வந்திருக்கிறது. இசையைக் காதால் கேட்பது போலக் கண்ணாலும் கேட்க இயலுமா என்பதே அம்மரபினரின் கேள்வி. அந்த மரபுக்கும் இயந்திரங்களுக்கும், இயந்திரங்கள் வழியாக யுத்தத்துக்கும் இருந்த உறவு சாதாரணமானதன்று.

பிரெஞ்சு ஓவியர் பெர்னான்ட் லெஜே முதலாம் உலக யுத்தத்தில் போர்முனையில் பணியாற்றியவர். 75 மில்லிமீற்றர் பீரங்கியொன்றின் திறந்த பின்புறம் வெயிலில் பளபளத்த காட்சி தம்மைப் பிரமிக்க வைத்ததாகவும், அந்த உலோகத்தின் மேல் விழுந்த ஒளி தமது ஓவியப் பாதையையே மாற்றியதாகவும் அவர் பின்னர் சொல்லியிருக்கிறார். 1924இல் அமெரிக்கரான டட்லி மேர்பியுடன் சேர்ந்து அவர் உருவாக்கிய ‘பலே மெக்கனிக்’ என்ற குறும்படத்தில் உந்துதண்டுகளும், சக்கரங்களும், சமையலறைப் பாத்திரங்களும் நடனமாடுகின்றன. மனிதர்களும் வருகிறார்கள். ஆனால், அவர்களும் இயந்திர உறுப்புகள் போன்றே திரும்பத் திரும்ப அசைகிறார்கள். லெஜேக்கு முன்னரே இத்தாலியின் எதிர்காலவாதிகள் 1909இல் வெளியிட்ட தங்கள் பிரகடனத்தில் வேகத்தையும் இயந்திரத்தையும் மட்டுமல்லாமல், யுத்தத்தையுமே புகழ்ந்திருந்தார்கள். அந்தப் புகழ்ச்சிக்கு ஐரோப்பா கொடுத்த விலை எல்லோரும் அறிந்ததே.

லெஜே கண்டது பீரங்கியின் மேனியை. விட்னிக்குக் கிடைத்ததோ பீரங்கியின் மூளை. இந்த வித்தியாசத்தைப் புரிந்துகொள்ள வேண்டுமாயின் அந்த மூளை செய்த வேலையைச் சற்று விளக்கியாக வேண்டும்.

மணிக்கு 360 கிலோமீற்றர் வேகத்தில் ஒரு விமானம் பறக்கிறது என்று வைத்துக்கொள்வோம். ஒரு விநாடிக்கு அது 100 மீற்றர் நகரும். தரையிலிருந்து சுடப்படும் எறிகணை அந்த உயரத்தை அடைய 3 விநாடிகள் எடுக்குமாயின், சுடும்போது விமானம் இருந்த இடத்தில் எறிகணை போய்ச் சேரும் வேளை, விமானம் 300 மீற்றர் தள்ளிப் போயிருக்கும். ஆகவே, பீரங்கி சுடவேண்டியது விமானத்தையன்று. விமானம் இன்னும் வந்து சேராத வெற்றிடத்தை. அந்த வெற்றிடம் எது என்பதை, விமானத்தின் திசை, கோணம், வேகம், தூரம், எறிகணையின் வளைந்த பாதை ஆகியவற்றைக் கொண்டு கணிக்க வேண்டும். தாளும் பென்சிலுமாக உட்கார்ந்து கணக்குப் போடுவதற்குள் குண்டு விழுந்துவிடும்.

இதற்காகப் பிரித்தானியாவில் கேர்ணல் கெரிசன் என்பவர் 1930களின் பிற்பகுதியில் ஒரு கணிப்புப் பொறியை வடிவமைத்தார். ‘கெரிசன் பிரெடிக்டர்’ என அது அழைக்கப்பட்டது. சுவீடனின் 40 மில்லிமீற்றர் போபர்ஸ் பீரங்கியுடன் இணைத்து அது பயன்படுத்தப்பட்டது. ஒரு பெரிய இரும்புப் பெட்டி. பல நூறு இறாத்தல் எடை. படைவீரர்கள் தொலைநோக்கி வழியாக விமானத்தைத் தொடர்ந்து பார்த்தபடி சக்கரக் கைபிடிகளைச் சுழற்றிக்கொண்டே இருப்பார்கள். அந்தச் சுழற்சியின் வேகமே பெட்டிக்குள் தகவலாகப் போகும். உள்ளே எண்கள் இல்லை, எழுத்துகள் இல்லை. பல்சக்கரங்களும், சுழலும் தட்டுகளின் மேல் உருளும் குண்டுகளும், கூட்டல் கழித்தல் செய்யும் பல்லிணைகளும், எறிகணையின் பாதையையே தன் மேற்பரப்பின் மேடுபள்ளங்களாகக் கொண்ட உலோக உருளைகளும் இருந்தன. நெம்புருள் எனப் பொறியியலாளர் சொல்லும் அவ்வுருளையின் மேல் ஊசி போன்ற ஒரு கோல் ஏறி இறங்கும்போது கணிதச் சமன்பாடு ஒன்று அசைவாகவே தீர்க்கப்பட்டுவிடும். இன்றைய கணினியைப் போல இலக்கங்களைக் கொண்டு கணிக்காமல், அசைவைக் கொண்டு அசைவைக் கணித்த இயந்திரம் அது.

அமெரிக்க இராணுவம் இதனை எம்-5 என்ற பெயரில் ஏற்றுக்கொண்டது. அங்கே அதனைப் பெருந்தொகையில் உற்பத்தி செய்து கொடுத்த நிறுவனம் எது தெரியுமா? சிங்கர். ஆம், எங்கள் வீடுகளின் மூலைகளில் அம்மாமாரும் பாட்டிமாரும் காலால் மிதித்து ஓட்டிய அதே சிங்கர் தையல் மெஷின் கம்பனிதான். யோசித்துப் பார்த்தால் இதில் வியப்பதற்கு அதிகமில்லை. தையல் இயந்திரத்தின் உள்ளேயும் சுழற்சியை ஊசியின் ஏற்ற இறக்கமாகவும், நூற் கொக்கியின் ஆட்டமாகவும் மாற்றும் நுட்பமான உறுப்புகளே இருக்கின்றன. ஓர் அசைவை இன்னோர் அசைவாக, மயிரிழை பிசகாமல் மாற்றத் தெரிந்த தொழிலாளர்கள் அந்தத் தொழிற்சாலையில் இருந்தார்கள். யுத்தம் அவர்களைக் கேட்டது.

ஆனால், இந்த இரும்பு மூளையின் காலம் நீடிக்கவில்லை. 1940இல் பெல் தொலைபேசி ஆய்வுகூடத்தில் டேவிட் பார்கின்சன் என்ற இளம் பொறியியலாளர் ஒரு கனவு கண்டார். பீரங்கிப் படையினரோடு தாம் நிற்பதாகவும், அவர்களது பீரங்கியைத் தமது ஆய்வுகூடத்துச் சிறு மின்கருவியொன்று இயக்குவதாகவும் அக்கனவு அமைந்தது. அதிலிருந்து பிறந்ததுதான் எம்-9 என்ற மின்சாரக் கணிப்புப் பொறி. 1944 கோடையில் ஜேர்மனியர் ஏவிய வி-1 பறக்கும் குண்டுகளிலிருந்து லண்டனைக் காப்பதில் ராடாருடன் இணைந்து அது பெரும் பங்காற்றியது. அதே காலத்தில் மசாசூசெட்ஸில் நோபேர்ட் வீனர் என்ற கணிதப் பேரறிஞர், குண்டுக்குத் தப்ப விமானி எப்படி நெளிந்து வளைந்து பறப்பான் என்பதையும் முன்கூட்டிக் கணிக்க முயன்றார். அவரது பொறி களத்துக்குப் போகவில்லை. ஆனால், அம்முயற்சியின் விளைவாக அவர் 1948இல் எழுதிய நூல் ‘சைபர்நெட்டிக்ஸ்’ என்ற ஒரு புதிய துறையையே தொடக்கிவைத்தது. இன்று நாம் வாய்க்கு வாய் சொல்லும் ‘சைபர்’ என்ற சொல்லின் பிறப்பிடத்திலும் ஒரு விமான எதிர்ப்புப் பீரங்கி நிற்கிறது.

மின்சாரப் பொறிகள் வந்ததும் பல்சக்கரப் பொறிகள் பழையனவாயின. யுத்தம் முடிந்ததும் அமெரிக்க அரசு மலைமலையாகக் குவிந்துகிடந்த உபரித் தளபாடங்களை விற்றுத் தள்ளியது. இவ்விடத்தில்தான் விட்னி சகோதரர்கள் எமது கதைக்குள் வருகிறார்கள்.

ஜோன் விட்னி 1917இல் கலிபோர்னியாவின் பசடீனாவில் பிறந்தவர். 1930களின் இறுதியில் பாரிஸ் சென்று, பன்னிரு சுர முறை எனப்படும் புதிய இசையமைப்பு முறையைப் பயின்றார். தம்பி ஜேம்ஸ் 1921இல் பிறந்தவர், ஓவியர். இருவரும் சேர்ந்து 1943, 1944ஆம் ஆண்டுகளில் உருவாக்கிய ‘ஐந்து திரைப்படப் பயிற்சிகள்’ இந்த மரபில் இன்றும் பேசப்படும் படைப்பு. அதன் ஒலி உருவான விதம்தான் என்னை மிகவும் கவர்ந்தது. நீளம் மாற்றக்கூடிய பல ஊசற்குண்டுகளைத் தொங்கவிட்டு, மெல்லிய கம்பிகளால் ஓர் ஒளித் துவாரத்துடன் அவர்கள் இணைத்தார்கள். ஊசல்கள் ஆடும்போது துவாரம் சுருங்கி விரியும். அந்த ஒளி மிக மெதுவாக நகரும் படச்சுருளின் ஓரத்தில், ஒலித்தடம் இருக்கவேண்டிய இடத்தில், பதியும். சுருளை வழமையான வேகத்தில் ஓட்டினால் அதுவே இசையாக ஒலிக்கும். அதாவது, அந்த இசை உருவான அறையில் எவ்வித ஓசையும் கேட்கவில்லை. ஊசல்கள் மௌனமாக ஆடிக்கொண்டிருந்தன, அவ்வளவுதான். மின்னணு இசை என்ற சொல் பரவுவதற்கு முன்னரே இவர்கள் இதைச் செய்து முடித்திருந்தார்கள். 1949இல் பெல்ஜியத்தில் நடைபெற்ற பரீட்சார்த்தத் திரைப்படப் போட்டியில் ஒலிக்கான பரிசு இதற்குக் கிடைத்தது.

யுத்த காலத்தில் ஜோன் வயிற்றுப்பாட்டுக்காக லொக்ஹீட் விமானத் தொழிற்சாலையில் வேலை செய்தார். அதிவேக ஒளிப்படப் பிடிப்புடன் சம்பந்தப்பட்ட வேலை அது. குண்டுவீச்சுக் குறிநோக்கிகளும் பீரங்கிக் கணிப்புப் பொறிகளும் அசைவுப் பாதைகளைக் கணிப்பனவாயின், அதே பாதைகளைக் கொண்டு படம் வரையலாமே என்ற எண்ணம் அங்கேதான் அவருக்கு உதித்தது. 1950களில் உபரிச் சந்தையில் ஓர் எம்-5 கிடைத்தது. பின்னர் எம்-7 என்ற பெரிய வகையின் பாகங்களும் அதனுடன் சேர்க்கப்பட்டன. முடிவில் 12 அடி உயரத்துக்கு ஓர் இராட்சத இயந்திரம் அவரது வேலைத்தலத்தில் எழுந்து நின்றது.

அவர் செய்த மாற்றம் சொல்வதற்கு எளிது. முன்னர் விமானத்தின் அசைவை உட்கொண்டு பீரங்கியின் அசைவை வெளியிட்ட பொறியில், இப்போது உள்ளே விமானமும் இல்லை, வெளியே பீரங்கியும் இல்லை. உருளைகளும் பல்லிணைகளும் மாத்திரம் எஞ்சின. அவற்றின் அசைவை அவர் சுழலும் மேசைகளுக்குக் கொடுத்தார். மேசைகளின் மேல் எழுத்துகளோ கோலங்களோ வரைந்த ஒளி ஊடுருவும் தகடுகள் வைக்கப்பட்டன, கீழிருந்து வெளிச்சம், மேலே கமரா. ஒவ்வொரு மேசையும் தன்னைத் தானே சுற்றிக்கொண்டு, இன்னோர் அச்சையும் சுற்றி, அதே நேரம் பக்கவாட்டிலும் நகரும். கமராவும் திரும்பும், ஏறும், இறங்கும். ஒரு முழுச் சுற்றுக்கு ஏறக்குறைய 9 விநாடிகள். அந்த 9 விநாடிகளில் கமராவின் கண்ணை முழுநேரமும் திறந்து வைக்கலாம். கடைசி ஒரு விநாடிக்கு மட்டும் திறக்கலாம். ஒரு மெல்லிய கீற்றின் வழியே மட்டும் பார்க்கவிடலாம். ஒரு சட்டகம் பதிவானதும் எல்லாத் தொடக்கப் புள்ளிகளும் அணுவளவு மாற்றப்பட்டு அடுத்த சட்டகம் பதிவாகும். ஒரு விநாடி ஓடும் படத்துக்கு 24 சட்டகங்கள் என்பதை வைத்துக் கணக்கிட்டுக் கொள்ளுங்கள்.

இவ்வாறு பல ஆண்டுகள் செய்து பார்த்தவற்றின் தொகுப்பாக 1961இல் வெளிவந்தது ‘கற்றலொக்’. ஏழு நிமிடங்கள் அளவிலான இப்படத்தை இப்போது இணையத்தில் எவரும் பார்க்கலாம். பாருங்கள் என்று சொல்வேன். உண்மையில் அது ஒரு மாதிரிப் புத்தகம்தான். என் இயந்திரத்தால் என்னென்ன செய்ய முடியும் என்று வாடிக்கையாளருக்குக் காட்டும் பட்டியல். புடவைக்கடையில் துணிகளை விரித்துப் போடுவது போல ஒன்றன்பின் ஒன்றாக உருவங்கள் விரிகின்றன. இலக்கங்கள் பூவாக மலர்ந்து நூலாகச் சுருங்குகின்றன. வட்டங்கள் ஒன்றையொன்று நோக்கி விரைகின்றன.

இந்த இடத்தில்தான் நான் ஒவ்வொரு தடவையும் நிமிர்ந்து உட்காருவேன். இரண்டு உருவங்கள் எதிரெதிரே வருகின்றன. இதோ மோதப் போகின்றன என்று கண் எதிர்பார்க்கிறது. மோதுவதில்லை. ஒன்றினூடாக மற்றொன்று கடந்து போகிறது. கடந்துபோன கணத்தில் இரண்டிலும் இல்லாத மூன்றாவது கோலமொன்று தோன்றி மறைகிறது. மோதலைக் கணிப்பதற்கென்றே வார்க்கப்பட்ட உருளைகள் அவை. இலக்கை அகற்றிய பின்னர் அவற்றுக்கு மோதத் தெரியவில்லை. கலைஞர் எதையும் புதிதாகக் கற்பிக்கவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது. இயந்திரத்தின் கணிதம் ஆரம்பத்திலிருந்தே இப்படித்தான் இருந்தது; வானத்தில் ஒரு மனிதனை வைத்தபோதுதான் அது கொலைக் கணிதமாயிற்று.

அதே லொஸ் ஏஞ்சல்ஸ் நகரில், அதே ஆண்டுகளில், இன்னொரு விதமான மோதல் ஆயிரக்கணக்கான அடி நீளத்தில் வரையப்பட்டுக் கொண்டிருந்ததையும் மறக்கலாகாது. எம்.ஜி.எம். கலையகத்தின் டொம் பூனை 1940இலிருந்து சுவரில் மோதித் தட்டையாகிக் கொண்டிருந்தது. வோர்னர் கலையகத்தில் சக் ஜோன்ஸ் உருவாக்கிய கொயோட்டி என்ற ஓநாய் 1949இலிருந்து மலையுச்சியிலிருந்து விழுந்து, அடுத்த காட்சியில் தூசு தட்டிக்கொண்டு எழுந்தது. அக்கொயோட்டியும் ஒரு பீரங்கிப்படை வீரன் போலத்தான்: ஓடும் பறவை எந்தக் கணத்தில் எந்த இடத்தில் இருக்கும் என்று எப்போதும் கணக்குப் போடுவான், கணக்கு எப்போதும் பிழைக்கும். அந்தப் படங்களை நான் குறைத்துச் சொல்லவில்லை. அவற்றைப் பார்த்துச் சிரித்தே வளர்ந்தவர்களில் நானும் ஒருவன். ஆனால், யாரும் சாகாத மோதலைப் பார்த்துச் சிரிப்பது ஒன்று. மோதலே இல்லாத நெருக்கத்தைப் பார்த்து மூச்சை அடக்குவது வேறொன்று.

விட்னியை ஒரு சமாதானத் தூதுவராக ஆக்கிவிடவும் கூடாது. 1952இல் ஏவுகணைத் திட்டங்கள் பற்றிய பொறியியல் படங்களை எழுதி இயக்கியவரும் அவரே. சோறு போட்ட கை எது என்பதில் கலைஞருக்குத் தேர்வு குறைவு; தென் கலிபோர்னியாவில் அக்காலத்தில் அந்தக் கை பெரும்பாலும் விமானக் கம்பனியினுடையது அல்லது சினிமாக் கம்பனியினுடையது. 1959இல் மொஸ்கோவில் நடந்த அமெரிக்கக் கண்காட்சிக்காக சார்ள்ஸ் ஈம்ஸ் தயாரித்த ஏழு திரைக் காட்சியிலும் அவர் பணிபுரிந்தார். பனிப்போரின் பிரசாரக் காட்சி அது. 1960இல் ‘மோஷன் கிரபிக்ஸ்’ என்ற பெயரில் தமது கம்பனியைப் பதிவுசெய்து, அதே இயந்திரத்தைக் கொண்டு தொலைக்காட்சி நிகழ்ச்சிகளுக்குத் தலைப்புகளும் விளம்பரங்களும் செய்து கொடுத்தார். இன்று உலகெங்கும் ஒரு தொழிலின் பெயராக வழங்கும் சொல், அன்று ஒரு கம்பனியின் பெயர்ப்பலகையில் இருந்தது.

அவரது கைவேலையை நம்மில் அநேகர் பெயர் தெரியாமலே பார்த்திருக்கிறோம். அல்பிரட் ஹிட்ச்கொக்கின் ‘வேர்ட்டிகோ’ 1958இல் வெளிவந்தது. அதன் ஆரம்பத்தில் ஒரு பெண்ணின் கண்ணுக்குள்ளிருந்து சுழல்கள் பிறந்து பிறந்து விரியும். பிரெஞ்சு விஞ்ஞானி லிசாஜூ 19ஆம் நூற்றாண்டில் இசைக்கவைகளில் கண்ணாடிகளைப் பொருத்தி ஆராய்ந்த வளைவுகளின் வழி வந்தவை அவை. அத்தலைப்புக் காட்சியை வடிவமைத்தவர் சோல் பாஸ். சுழல்களை இயந்திரத்தில் பிறப்பித்தவர் விட்னி. பீரங்கிப் பொறியின் சுழல்மேடை அதில் எந்த அளவுக்குப் பயன்பட்டது, தொங்கும் ஊசலின் பங்கு எவ்வளவு என்பது பற்றி ஆய்வாளர்களிடையே வாதங்கள் உண்டு. ஆனால், திரையில் காட்டப்பட்ட பெயர்களில் விட்னியின் பெயர் இல்லை என்பதில் வாதத்துக்கு இடமில்லை. வேறொருவர் பெயரில் தங்கள் கட்டுரையைக் கண்ட அனுபவமுள்ள பத்திரிகையாளருக்கு இதன் கசப்பை விளக்கவேண்டியதில்லை.

இன்னொரு படத்துக்கு எங்கள் நாட்டுடனும் ஒரு தொடர்பு இருக்கிறது. 1956இல் இலங்கைக்கு வந்து, 2008இல் கொழும்பில் காலமாகும்வரை இங்கேயே வாழ்ந்த ஆதர் சி. கிளார்க், ஸ்டான்லி குப்ரிக்குடன் இணைந்து எழுதிய ‘2001: எ ஸ்பேஸ் ஒடிசி’ 1968இல் வெளியானது. அதன் இறுதிப் பகுதியில் விண்வெளி வீரன் ஒளிச் சுவர்களுக்கிடையே எல்லையற்ற தூரம் விரையும் காட்சியை அப்படத்தைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். அதை உருவாக்கிய டக்ளஸ் ட்ரம்புல் கையாண்டது, கீற்றின் வழியே நகரும் படத்தை நீண்டநேரம் பதிவுசெய்யும் முறை. விட்னியின் முயற்சிகளை அறிந்திருந்த ட்ரம்புல், அதற்கெனப் புதிய இயந்திரமொன்றைக் கட்டினார். கிளார்க்கின் கற்பனையில் மனிதன் பிரபஞ்சத்தின் வாசலைக் கடக்கும் அந்த வேளையில், திரைக்குப் பின்னால் ஒரு பீரங்கிக் கணிப்புப் பொறியின் பேரப்பிள்ளை சுற்றிக்கொண்டிருந்தது.

தம்பி ஜேம்ஸின் பாதை வேறு. யோகம், தாவோ நெறி, யுங்கின் உளவியல், இரசவாதம் ஆகியவற்றில் தோய்ந்தவர் அவர். சிறு அட்டைகளில் ஊசியால் துளையிட்டு, ஒவ்வொரு புள்ளியையும் கையாலேயே உருவாக்கி, ஏறத்தாழ ஏழு ஆண்டுகள் உழைத்து 1957இல் ‘யந்த்ரா’ என்ற படத்தை முடித்தார். வழிபாட்டுச் சக்கரங்களை நாம் குறிக்கும் அதே ‘யந்திரம்’தான். எங்கள் மொழியில் இந்தச் சொல்லுக்கும் ‘இயந்திரம்’ என்பதற்கும் வேர் ஒன்றே என்பதை அவர் அறிந்திருந்தாரோ என்னவோ, அண்ணனின் இயந்திரத்தை அடுத்த படத்துக்கு அவர் எடுத்துக்கொண்டார். அப்படி உருவான ‘லேப்பிஸ்’ 1966இல் நிறைவடைந்தது. கையால் புள்ளியிட்ட தகடுகளை, முன்னாள் பீரங்கிப் பொறி பிசகில்லாத துல்லியத்துடன் சுழற்றிச் சுழற்றி மீண்டும் மீண்டும் பதிவுசெய்ய, நூற்றுக்கணக்கான ஒளித்துகள்கள் ஒரு மண்டலமாகத் திரண்டு, கலைந்து, மீண்டும் திரள்கின்றன. பின்னணியில் ரவி சங்கரின் சிதார். என் கணிப்பில் அண்ணனின் படங்களையெல்லாம் விட இதுவே பெரிய படைப்பு. அண்ணன் இயந்திரம் என்ன செய்யும் என்று காட்டினார். தம்பி அதனை வாய்மூடியிருக்கச் செய்தார். ‘லேப்பிஸ்’ பார்க்கையில் இயந்திரம் என்ற நினைவே எழுவதில்லை.

1966இல் ஐ.பி.எம். நிறுவனம் ஜோனுக்கு ஆய்வு உதவி வழங்கித் தனது கணினியில் பணியாற்ற அழைத்தது. ஜாக் சிற்றோன் என்ற அறிஞர் எழுதிக் கொடுத்த நிரலைக் கொண்டு அவர் 1968இல் ‘பேர்மியூற்றேஷன்ஸ்’ என்ற படத்தை முடித்தார். 1975இல் லரி கியூபாவின் உதவியுடன் ‘அரபெஸ்க்’. வெவ்வேறு வேகத்தில் ஓடும் புள்ளிகள் குறித்த கணங்களில் ஒழுங்காக அணிவகுத்து நின்று மறுபடி குலையும் விதத்தை அவர் சுர ஒத்திசைவுடன் ஒப்பிட்டு, 1980இல் ஒரு நூலும் எழுதினார். அந்தப் புள்ளிகளுக்கும் இலக்கு கிடையாது. சந்திப்பு மட்டும்தான் உண்டு. பல்சக்கர இராட்சதனுக்கு இனி வேலையில்லாமற் போயிற்று. ஒருமுறை இராணுவத்தால் கைவிடப்பட்டது, இரண்டாம் முறை கலைஞராலும் கைவிடப்பட்டது.

ஒரு விஷயம் இங்கே சொல்லியாக வேண்டும். ஓர் ஆயுதம் கலைக்கருவியாக மாறியது என்று இக்கதையை மேடைகளில் உருக்கமாகச் சொல்பவர்கள் உண்டு. மாறியதற்குக் காரணம் எவருடைய மனமாற்றமும் அன்று. யுத்தம் முடிந்திருந்தது, அதைவிடத் திறமையாகக் கொல்லும் பொறி கண்டுபிடிக்கப்பட்டிருந்தது, ஆகவே, அது மலிவாகக் கிடைத்தது. எம்-9 வராதிருந்தால் எம்-5 இன்னும் சில காலம் படைக்கொட்டிலிலேயே இருந்திருக்கும். இதனால் விட்னியின் சாதனை குறைந்துவிடாது. அதே உபரிச் சந்தையில் அதே பெட்டிகளை வாங்கிய எத்தனையோ பேர் அவற்றைப் பிரித்து மோட்டார்களையும் பல்சக்கரங்களையும் மட்டும் எடுத்துக்கொண்டு மிச்சத்தை எறிந்திருப்பார்கள். முழுப் பொறியின் உள்ளே ஒரு நடனம் இருப்பதைக் கண்டது இவர்தான்.

ஜோன் விட்னியின் மகனும் அதே பெயர் கொண்டவர். தந்தையின் தொழிலையே தொடர்ந்தவர். 1973இல் வெளியான ‘வெஸ்ட்வேர்ள்ட்’ படத்துக்காக அவரும் கரி டெமோஸ் என்பவரும் செய்த வேலை, முழுநீளக் கதைப்படமொன்றில் கணினியைக் கொண்டு காட்சியை மாற்றியமைத்த முதல் முயற்சியாகக் கொள்ளப்படுகிறது. காட்சி சிறு சதுரக் கட்டங்களாக உடைந்து தெரியும். அது யாருடைய பார்வை என்றால், மனிதர்களை வேட்டையாடும் துப்பாக்கி ஏந்திய இயந்திர மனிதனுடைய பார்வை. 1984இல் அவ்விருவரும் தங்கள் நிறுவனத்தின் கிரே மீக்கணினியில் விண்கலங்களை வரைந்து கொடுத்த ‘த லாஸ்ட் ஸ்டார்ஃபைட்டர்’ படத்தின் கதாநாயகன், குறிபார்த்துச் சுடும் வீடியோ விளையாட்டில் உச்சப் புள்ளி பெற்றதற்காகவே விண்வெளிப் போரொன்றில் பீரங்கி இயக்க அழைத்துச் செல்லப்படுகிறான்.

ஜேம்ஸ் அந்தப் படத்தைப் பார்க்க இருக்கவில்லை. அவர் 1982இல் காலமாகிவிட்டார். ‘லேப்பிஸ்’ முடிந்த பின்னர் இயந்திரத்தை விட்டு விலகி, பல ஆண்டுகள் மட்பாண்டம் வனைந்துகொண்டிருந்தார். ஜப்பானிய ராக்கு முறை. கையால் பிடித்து, நெருப்பிலிருந்து செந்தணலாக வெளியே எடுக்கும் கிண்ணங்கள். 1977இல் மீண்டும் ஒரு படம் செய்தபோது, அதற்கு ‘வு மிங்’ என்று பெயரிட்டார். சீன மொழியில் அதற்குப் ‘பெயரற்றது’ என்று பொருள்.